போகோட்டாவும் சியோலும் உலகுக்கு அனுப்பிய தொடர்கள்

கேட்கப்பட்ட கேள்வி இது: 2000 முதல் 2005 வரையிலான ஆண்டுகளின் உலகத் தொலைக்காட்சித் தொடர்களைப் பற்றித் தேடினால் 'தி சோப்ரானோஸ்', 'தி வயர்', '24', 'லாஸ்ட்' என்று அமெரிக்கப் பெயர்களே திரும்பத் திரும்பக் கண்ணில் படுகின்றன, மற்ற நாடுகளில் அந்தக் காலத்தில் குறிப்பிடத்தக்க தொடர்கள் வரவில்லையா, வந்திருந்தால் அவை தம் நாட்டைத் தாண்டிப் போனது எப்படி?

வந்தன, ஏராளமாகவே வந்தன. அந்த ஆண்டுகளில் மொழியும் கண்டமும் கடந்து வீடுகளுக்குள் நுழைந்த தொடர்கள் எவை என்று பார்த்தால், கொலம்பியா, தென் கொரியா, பிரேசில் ஆகிய மூன்று நாடுகளுக்கே நான் முதலிடம் தருவேன். அமெரிக்கத் தொடர்களின் தரத்தைக் குறைத்துச் சொல்வது என் நோக்கமன்று. 2002 ஜூனில் ஹெச்.பி.ஓ. அலைவரிசையில் தொடங்கிய 'தி வயர்', பால்டிமோர் நகரத்தின் போதைப்பொருள் வணிகம், காவல்துறை, துறைமுகம், நகராட்சி அரசியல், பள்ளிகள், செய்தித்தாள் அலுவலகம் ஆகியவற்றை ஐந்து பருவங்களில் ஒன்றன்பின் ஒன்றாகத் திறந்து காட்டிய அரிய படைப்பு. அதை உருவாக்கிய டேவிட் சைமன் அதே நகரின் நாளிதழில் செய்தியாளராக இருந்தவர். உடன் எழுதிய எட் பர்ன்ஸ் துப்பறியும் காவலராகவும் பின்னர் பள்ளி ஆசிரியராகவும் இருந்தவர். ஆயினும் ஒளிபரப்பான நாட்களில் அதை அமெரிக்காவிலேயே பார்த்தவர்கள் குறைவு. எம்மி விருது ஒன்றுகூட அதற்குக் கிடைக்கவில்லை. அதன் புகழ் டிவிடி வழியாகவும் விமர்சகர்கள் வழியாகவும் பிற்பாடு வளர்ந்தது. இன்று இணையத்தில் கிடைக்கும் பட்டியல்கள் பெரும்பாலும் அப்படிப் பிற்பாடு வளர்ந்த புகழின் பட்டியல்களே. அடுப்பு வேலையைச் சீக்கிரம் முடித்துக்கொண்டு மக்கள் தொலைக்காட்சி முன் வந்து உட்கார்ந்த தொடர்களின் பட்டியல் வேறு.

இணையம் வழியே தொடர் பார்க்கும் வசதி இல்லாத அந்தக் காலத்தில், ஒரு தொடர் எல்லை கடப்பதற்கு முறையான வழிகள் இரண்டு இருந்தன. எடுத்து முடித்த தொடரை அப்படியே விற்பது ஒன்று; வாங்கிய அலைவரிசை அதற்குத் தன் மொழியில் குரல் கொடுத்தோ, கீழே எழுத்து வரிகளைச் சேர்த்தோ ஒளிபரப்பும். கதையின் உரிமையை மட்டும் விற்பது மற்றொன்று. வாங்கியவர் தம் ஊர் நடிகர்களை வைத்துத் தம் ஊர்ச் சூழலில் முதலிலிருந்து எடுத்துக்கொள்வார். எந்தத் தொடர் எந்த வழியில் செல்லும் என்பதை விலையும் விற்பனைத் திறமையும் மட்டும் முடிவு செய்ததாக எனக்குத் தோன்றவில்லை. கதையின் முடிச்சு எங்கே இருக்கிறது என்பதற்கு அதில் பெரும் பங்குண்டு. அலுவலகத்தில் யார் யாரை மதிக்கிறார்கள், வீட்டில் அப்பாவின் சொல் எதுவரை செல்லும் என்பன போன்ற அன்றாட வழக்கங்களில் முடிச்சு இருந்தால், அந்த வழக்கங்கள் மாறும் ஒவ்வொரு நாட்டிலும் கதையை மறுபடி எடுக்க வேண்டியிருக்கும். பார்ப்பவர் எல்லோருக்குமே அந்நியமான ஒரு காலத்தில் கதை நடந்தால், அதை மாற்றுவதற்கு யாருக்கும் தேவை இராது. முதல் வகைக்குக் கொலம்பியாவின் தொடரையும் இரண்டாவது வகைக்குக் கொரியாவின் தொடரையும் எடுத்துக்காட்டாகக் கொண்டு விளக்குகிறேன்.

'யோ சோய் பெட்டி, லா ஃபேயா' என்ற கொலம்பியத் தொடர் 1999 அக்டோபரில் ஆர்.சி.என். அலைவரிசையில் தொடங்கி 2001 மே மாதம் முடிந்தது. 'நான்தான் பெட்டி, அழகில்லாதவள்' என்பது தலைப்பின் பொருள். எழுதியவர் ஃபெர்னாண்டோ கைத்தான். காபித் தோட்டத்தைக் களமாகக் கொண்ட தொடர் ஒன்றை 1994இல் எழுதி ஏற்கெனவே பெயர் பெற்றிருந்தவர் அவர். பெட்டி என்று சுருக்கி அழைக்கப்படும் நாயகி பியாத்ரிஸாக அனா மரியா ஒரோஸ்கோ நடித்தார். டெலிநோவெலா எனப்படும் லத்தீன் அமெரிக்கத் தினசரித் தொடர்களில் அதுவரை ஏழைப் பெண் என்றாலும் அவள் பேரழகியாகவே இருப்பாள். பணக்கார வீட்டுப் பையன் அவளைக் கண்டதும் காதலிப்பான். அவள் பிறப்பைப் பற்றிய இரகசியம் கடைசியில் வெளிப்படும். கைத்தான் இந்தச் சட்டகத்தை அலுவலகத்துக்குள் கொண்டுவந்து, நாயகியின் அழகையும் பிறப்பு இரகசியத்தையும் கழற்றிவிட்டு, அவளுக்குக் கணக்கு அறிவைக் கொடுத்தார்.

பியாத்ரிஸ் பொருளாதாரம் படித்து நிதித்துறையில் மேற்படிப்பும் முடித்தவள். பல்லில் கம்பி, கனத்த கண்ணாடி, பாட்டி காலத்து உடை. எங்கும் வேலை கிடைக்காமல், தலைநகர் போகோட்டாவில் உள்ள எக்கோமோடா என்ற ஆயத்த ஆடை நிறுவனத்தில் தன் படிப்புக்குப் பொருந்தாத செயலாளர் வேலையில் சேர்கிறாள். அவளுக்குத் தரப்படும் இடம் தலைவர் அறையை ஒட்டிய, சன்னல்கூட இல்லாத ஒரு சாமான் அறை. அந்த அறை எனக்கு இந்தத் தொடரின் மிகச் சிறந்த கற்பனையாகப் படுகிறது. வெளியே அழகிகள் ஆடை அணிவகுப்புக்கு ஒத்திகை பார்க்கிறார்கள். உள்ளே கதவுக்குப் பின்னால் யாருக்கும் தெரியாமல் நிறுவனத்தின் முழுக் கணக்கும் ஒரு பெண்ணின் கையில் இருக்கிறது. வருபவர்களின் கண்ணில் படாதபடி அவளை மறைத்து வைத்திருக்கும் அந்த இடமே, தலைவர் அறையில் பேசப்படும் எல்லாவற்றையும் அவள் கேட்கும் இடமாகவும் ஆகிவிடுகிறது.

தலைவர் அர்மாந்தோ மெந்தோசா ஆரவாரக்காரர். பங்குதாரர்களிடம் பெரிய இலாபத்துக்கு வாக்குக் கொடுத்துப் பதவிக்கு வந்து, தவறான முடிவுகளால் நட்டத்தில் மூழ்குகிறார். நட்டத்தை மறைக்க இயக்குநர் குழுவிடம் பொய்யான வரவுசெலவுக் கணக்கு வைக்கப்படுகிறது. கடன்காரர்களிடமிருந்து சொத்தைக் காக்க, பியாத்ரிஸின் பெயரில் தெர்ராமோடா என்ற இன்னொரு நிறுவனம் தொடங்கப்பட்டு, எக்கோமோடா அதற்குக் கடன்பட்டதாகக் காட்டப்படுகிறது. அதாவது, நகரத்தின் பெரிய ஆடை நிறுவனம் சட்டப்படி ஒரு செயலாளரின் பிடிக்குள் போய்விடுகிறது. அவள் ஏமாற்றிவிடுவாளோ என்ற அச்சம் அர்மாந்தோவின் நண்பர் மாரியோ கால்தெரோனுக்கு வருகிறது. அவளைக் காதலிப்பதுபோல் நடித்துக் கைக்குள் வைத்துக்கொள்ளும்படி அவர் யோசனை சொல்கிறார். வெளியூர் செல்லும் மாரியோ, அந்த நடிப்பை எப்படித் தொடர வேண்டும் என்று நையாண்டியோடு எழுதி, பரிசுப்பொருள்களுடன் விட்டுச் செல்லும் கடிதம் பியாத்ரிஸின் கையிலேயே சிக்குகிறது. அதற்குள் அர்மாந்தோ உண்மையாகவே அவளைக் காதலிக்கத் தொடங்கியிருக்கிறார் என்பதுதான் கைத்தான் போட்ட முடிச்சு.

கடிதத்தைப் படித்த உடனே அவள் கத்திக் கதறிக் காட்சியை முடித்திருந்தால் இது வழக்கமான தொடராகப் போயிருக்கும். அவள் வாயைத் திறக்காமல் அலுவலகம் வந்து போகிறாள். அடுத்த இயக்குநர் குழுக் கூட்டத்தில் திருத்தப்படாத உண்மைக் கணக்கு வெளியே வருகிறது. அவள் வேலையை விட்டுப் போகிறாள். ஒரு குடும்பத் தொடரின் உச்சக்காட்சி, கூட்ட மேசையில் வரவுசெலவு அறிக்கையைப் படிக்கும் காட்சியாக அமைந்தது எனக்குத் தெரிந்தவரை அதற்கு முன் எங்கும் நடந்ததில்லை. 1999 கொலம்பியாவின் பொருளாதாரம் கடுமையாகச் சுருங்கிய ஆண்டு என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். கடன், வட்டி, சொத்து முடக்கம் ஆகிய சொற்கள் பார்வையாளர் வீட்டிலும் புழங்கிய சொற்கள்தான்.

பின்பகுதியில் பியாத்ரிஸ் கார்த்தஹேனாவுக்குப் போய்த் தோற்றம் மாறித் திரும்புவதும், எக்கோமோடாவுக்கே தலைவராவதும், அர்மாந்தோவை மணப்பதும் பலருக்குப் பிடித்தன. எனக்கு அந்தப் பகுதி ஏமாற்றமே. முன்பாதி முழுவதும் அழகை வைத்து ஆளை எடைபோடும் உலகத்தைக் கேலி செய்த தொடர், கடைசியில் அந்த உலகத்தின் அளவுகோலிலேயே நாயகியைத் தேர்ச்சி பெற வைத்துவிட்டது என்ற குற்றச்சாட்டை முற்றிலும் மறுக்க முடியாது. அவளைத் தலைவராக்கியது சிகை அலங்காரமன்று, தெர்ராமோடாவின் கடன் பத்திரமே என்று கைத்தான் சார்பில் வாதிடலாம், பாதி உண்மைதான்.

மூலத் தொடரே பல நாடுகளில் ஓடியது. ஆனால் அதைவிடப் பெரிய வாழ்வு அதன் மறு ஆக்கங்களுக்குக் கிடைத்தது. இந்தியாவில் சோனி அலைவரிசை 2003 செப்டம்பரில் 'ஜஸ்ஸி ஜெய்ஸி கோய் நஹீ' என்று இந்தியில் தொடங்கியது. ரஷ்யாவில் 2005இலும், ஜெர்மனியில் அதே ஆண்டு 'பெர்லினில் காதல்' என்ற பொருள்படும் தலைப்பிலும், மெக்சிகோவிலும் ஸ்பெயினிலும் 2006இலும், சீனாவில் 2008இலும் இதே பெண் வேறு பெயர்களில் வேலைக்குச் சேர்ந்தாள். அமெரிக்காவில் 2006இல் ஏ.பி.சி. அலைவரிசை 'அக்லி பெட்டி'யைத் தொடங்கியது. 2010இல் கின்னஸ் சாதனை நூல் இதை உலகின் மிக வெற்றிகரமான டெலிநோவெலாவாகப் பதிவு செய்தது.

மறு ஆக்கங்களை அருகருகே வைத்துப் பார்த்தால், ஒவ்வொரு நாடும் எதை மாற்றியது என்பது அந்தந்த நாட்டைப் பற்றிச் சொல்லும். இந்தியாவில் ஜஸ்ஸி நடுத்தரப் பஞ்சாபிக் குடும்பத்துப் பெண். மாமியார் மருமகள் தொடர்கள் கோலோச்சிய காலத்தில், வேலைக்குப் போகும் திருமணமாகாத பெண்ணை நாயகியாக்கியதே அங்கு துணிச்சல். நாயகியாக நடித்த மோனா சிங்கின் உண்மையான முகத்தை, கதையில் தோற்றம் மாறும் வரை பத்திரிகைகளின் கண்ணில் படாமல் காத்தது தயாரிப்புத் தரப்பு. சீனப் பதிப்பு ஆடை நிறுவனத்தை விட்டு விளம்பர நிறுவனத்துக்குப் போனது. அமெரிக்கப் பதிப்பு நியூயார்க்கின் குவீன்ஸ் பகுதியில் வாழும் மெக்சிகோ வழிக் குடும்பத்தை எடுத்துக்கொண்டு, அப்பாவின் குடியுரிமைச் சிக்கலைக் கதையின் முக்கிய இழையாக்கியது. முதலாளிக்கும் அவளுக்குமான காதலை ஏறக்குறைய முழுவதும் தள்ளிவைத்து, மூலத்தில் முதுகெலும்பாக இருந்த கணக்குத் திருத்தத்தையும் கைவிட்டது. அன்றாடம் அரை மணி நேரம் ஓடிய கதை அங்கே வாரம் ஒரு மணி நேரமானதும், இழைகள் பெருகி நாயகியின் தனிமை குறைந்துபோயிற்று. எனக்கு மூலமே மேல்.

கதையின் உரிமையை விற்கும் இதே வழியில் பிரிட்டனிலிருந்து போன தொடர் ஒன்றையும் குறிப்பிட வேண்டும். 2001 ஜூலையில் பி.பி.சி. இரண்டாம் அலைவரிசையில் வந்த 'தி ஆஃபீஸ்', பன்னிரண்டு அத்தியாயங்களும் ஒரு கிறிஸ்துமஸ் சிறப்புப் பகுதியுமாக 2003இல் முடிந்துவிட்டது. அமெரிக்க மறு ஆக்கமோ 2005 முதல் 2013 வரை ஒன்பது பருவங்கள் ஓடியது. நச்சரிக்கும் மேலாளர் எல்லா நாட்டிலும் உண்டு, ஆனால் அவர் நச்சரிக்கும் விதம் நாட்டுக்கு நாடு வேறு. எனவே இந்தக் கதையையும் அந்தந்த ஊரில்தான் எடுக்க வேண்டியிருந்தது.

பிரேசிலின் 'ஓ குளோன்' பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். ரெதே குளோபோ அலைவரிசையில் 2001 அக்டோபர் 1 அன்று தொடங்கி, 2002 ஜூன் வரை 221 அத்தியாயங்கள் ஓடிய இந்தத் தொடரை எழுதியவர் குளோரியா பெரெஸ். ரியோ டி ஜனிரோவிலும் மொராக்கோவின் ஃபெஸ் நகரிலும் கதை நடக்கிறது. ஃபெஸ் நகரில் மாமாவின் வீட்டில் வளரும் ஜாதி என்ற முஸ்லிம் பெண்ணும் பிரேசில் இளைஞன் லூக்காஸும் காதலித்துப் பிரிகிறார்கள்; லூக்காஸின் இரட்டைச் சகோதரன் விபத்தில் இறக்க, குடும்ப நண்பரான விஞ்ஞானி லூக்காஸின் செல்லிலிருந்து இரகசியமாக ஒரு குளோன் குழந்தையை உருவாக்குகிறார்; இருபது ஆண்டுகள் கழித்து, காதலித்த காலத்து லூக்காஸின் முகத்தோடு ஒருவன் ஜாதி முன் வந்து நிற்கிறான். அமெரிக்காவில் செப்டம்பர் 11 தாக்குதல் நடந்து மூன்று வாரம்கூட ஆகாத நிலையில், ஒரு முஸ்லிம் குடும்பத்தை அன்போடும் நகைச்சுவையோடும் காட்டும் தொடர் இரவின் முதன்மை நேரத்தில் தொடங்கியது. மொராக்கோ வாழ்க்கையை நடனமும் பட்டும் நகையுமாக மிகைப்படுத்தியது என்ற குறை அதற்கு உண்டு. ஆனால் அதில் வரும் மெல் என்ற பணக்கார வீட்டுப் பெண் போதைக்கு அடிமையாகும் கிளைக்கதையின் நடுவே, போதையிலிருந்து மீண்ட உண்மையான மனிதர்களின் வாக்குமூலங்களைச் சேர்த்தார்கள். கற்பனைக் கதைக்குள் அப்படி உண்மைக் குரல்களை நுழைப்பது குளோபோவுக்கு நன்றாகக் கைவந்த கலை. தொண்ணூறுக்கும் மேற்பட்ட நாடுகளுக்கு இந்தத் தொடர் போயிற்று.

இனிக் கொரியா. 1997இன் ஆசிய நிதி நெருக்கடிக்குப் பிறகு, ஜப்பானியத் தொடர்களை வாங்க முடியாத தைவான் முதலிய நாடுகளின் அலைவரிசைகள் மலிவாகக் கிடைத்த கொரியத் தொடர்களை வாங்கத் தொடங்கின என்பதே இந்தக் கதையின் பொருளாதாரத் தொடக்கம். மலிவு வாசலைத் திறந்தது. உள்ளே உட்கார வைத்தது தொடர்களின் சுவை.

2002 ஜனவரி முதல் மார்ச் வரை கே.பி.எஸ். அலைவரிசையில் இருபது அத்தியாயங்களாக வந்த 'விண்டர் சொனாட்டா'வை இயக்கியவர் யூன் சோக்-ஹோ. பள்ளிப் பருவக் காதலன் விபத்தில் இறந்துவிட்டதாக நம்பி, வேறொருவனுக்கு நிச்சயிக்கப்பட்டிருக்கும் பெண், பத்தாண்டுகள் கழித்து அதே முகமுள்ள ஒருவனைச் சந்திக்கிறாள். கதை இவ்வளவுதான், நினைவிழப்பு உட்பட இதில் பழகாத திருப்பம் ஒன்றும் இல்லை. பனி, நமி தீவின் மர வரிசைகள், கழுத்துத் துண்டு அணிந்த பே யோங்-ஜுன், நிதானமாக நகரும் பியானோ இசை ஆகியவைதாம் அதன் முதலீடு. ஜப்பானின் என்.ஹெச்.கே. 2003இல் செயற்கைக்கோள் அலைவரிசையிலும், கேட்டவர்கள் மிகுந்ததால் 2004இல் பொது அலைவரிசையிலும் ஒளிபரப்பியபோது, நடுவயது கடந்த ஜப்பானியப் பெண்கள் அந்த நடிகரை 'யோன்-சாமா' என்று மரியாதைப் பெயர் வைத்துக் கொண்டாடினார்கள். அவர் ஜப்பான் வந்து இறங்கிய நாட்களில் விமான நிலையத்தில் ஆயிரக்கணக்கானோர் திரண்டனர். நமி தீவுக்குச் சுற்றுலாக் குழுக்கள் கிளம்பின. கொரிய மொழி வகுப்புகளில் கூட்டம் சேர்ந்தது. 2004 இறுதியில் என்.ஹெச்.கே. அதே தொடரை வெட்டாமல், கொரியக் குரலிலேயே, எழுத்து வரிகளோடு மறுபடி காட்டியது. பார்வையாளர்கள் அந்த நடிகரின் சொந்தக் குரலையே கேட்க விரும்பினார்கள் என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை. ஜப்பானின் வெகுமக்கள் கலைப்படைப்புகளுக்குத் தென் கொரியா விதித்திருந்த தடை 1998இலிருந்துதான் படிப்படியாகத் தளரத் தொடங்கியிருந்தது. அத்தகைய இரு நாடுகளுக்கு இடையே ஒரு காதல் தொடர் இவ்வளவு தூரம் போகும் என்று யாரும் திட்டமிட்டிருக்க முடியாது.

ஆனால் கொரியாவின் தொடர்களில் ஒன்றே ஒன்றைப் பார்க்க நேரமிருந்தால் 'தே ஜாங் கும்' பாருங்கள். எம்.பி.சி. அலைவரிசையில் 2003 செப்டம்பர் முதல் 2004 மார்ச் வரை, வாரம் இரண்டு அத்தியாயங்களாக 54 அத்தியாயங்கள் வந்தன. இயக்கியவர் லீ பியோங்-ஹுன். எழுதியவர் கிம் யோங்-ஹியோன். ஜாங் கும் வேடத்தில் லீ யோங்-ஏ. பதினாறாம் நூற்றாண்டில் கொரியாவை ஆண்ட ஜோசோன் வம்சத்தின் அரசவையில், அரண்மனைச் சமையலறையில் சிறுமியாகச் சேர்ந்து, சதிக்கு ஆளாகி, ஜேஜு தீவுக்கு அடிமையாக அனுப்பப்பட்டு, அங்கே மருத்துவம் கற்றுத் திரும்பி, அரசரின் மருத்துவராக உயரும் பெண்ணின் கதை. தென் கொரியாவில் உச்ச நாட்களில் தொலைக்காட்சி வைத்திருந்த வீடுகளில் பாதிக்கு மேல் இதைத்தான் பார்த்தன.

வரலாற்றில் ஜாங் கும் உண்டு. ஆனால் சில வரிகளில்தான் உண்டு. அரசர் ஜுங்ஜோங் காலத்து அரசவைக் குறிப்பேடுகளில் அவள் பெயர் அங்கொன்றும் இங்கொன்றுமாக வருகிறது. 1515இல் அரசி பிரசவத்துக்குப் பின் இறந்தபோது மருத்துவப் பெண்ணான அவளைத் தண்டிக்க வேண்டும் என்ற பேச்சு எழுந்ததும், 1544இல் அரசர் தம் நோயின் தன்மை அந்த மருத்துவப் பெண்ணுக்குத் தெரியும் என்று சொன்னதும் அக்குறிப்புகளில் உள்ளன. சமையலறையில் நடக்கும் முன்பாதி முழுவதும் எழுத்தாளரின் கற்பனை. ஆனால் தொடரை உலகம் நினைவில் வைத்திருப்பது அந்தக் கற்பனைப் பாதியால்தான்.

அதில் ஒரு காட்சி. சமையலறைத் தலைவியாக வந்திருக்கும் முதிய பெண்மணி, பயிற்சிச் சிறுமிகளுக்கு ஓர் உணவைக் கொடுத்து, இதில் இனிப்புக்கு என்ன சேர்த்திருக்கிறது என்று கேட்கிறார். மற்றவர்கள் வழக்கமான விடைகளைச் சொல்ல, சிறுமி ஜாங் கும் கனிந்த பெர்சிமன் பழம் என்கிறாள். எப்படிக் கண்டுபிடித்தாய் என்று கேட்கப்படுகிறது. மெல்லும்போது பெர்சிமன் சுவை வந்தது, அதனால் பெர்சிமன் என்று சொன்னேன், அதற்கு வேறென்ன காரணம் சொல்வது என்று அவள் திகைத்து நிற்கிறாள். கேட்டவர் சிரித்து, இவள் நாக்கு என் நாக்கைவிடக் கூர்மையானது என்று ஒப்புக்கொள்கிறார்.

இன்னொரு காட்சி அதைவிட ஆழமானது. ஹான் என்ற சமையல் ஆசிரியை சிறுமியிடம் குடிக்கத் தண்ணீர் கேட்கிறார். கொண்டுவந்தால் வேண்டாம் என்று திருப்பி அனுப்புகிறார். வெந்நீர், குளிர்ந்த நீர் என்று மாற்றி மாற்றிக் கொடுத்தும் ஏற்பதில்லை. நாட்கள் போகின்றன. கடைசியில் ஜாங் கும், இன்று உங்களுக்கு வயிற்று வலி உண்டா, மலம் கழித்தீர்களா, தொண்டை கரகரக்கிறதா என்று கேட்டுவிட்டு, வெதுவெதுப்பான நீரில் சிறிது உப்பிட்டு, மெதுவாகக் குடிக்கச் சொல்லி நீட்டுகிறாள். அவளுடைய அம்மா அப்படித்தான் கேட்டுக் கொடுப்பாள். குடிப்பவரின் உடல்நிலையை அறிந்து கொடுத்தால் தண்ணீரும் சமையல்தான் என்று ஆசிரியை விளக்குகிறார். நாயகி சமையலிலிருந்து மருத்துவத்துக்குப் போகும் பின்பாதிக்கு விதை அங்கேயே விழுந்துவிடுகிறது. திரைக்கதை எழுதப் பழகுபவர்கள் இந்த இரண்டு காட்சிகளையும் பலமுறை பார்க்கலாம்.

இப்போது நான் முன்பு சொன்ன கருத்துக்கு வருகிறேன். ஜோசோன் அரசவை, கொரிய இளைஞருக்கே பாதி அந்நியமான உலகம். ஹாங்காங்கிலோ ஈரானிலோ இருப்பவருக்கு முழு அந்நியம். ஆனால் உணவு, நோய், ஆசிரியர் மீதான பக்தி, பொறாமை ஆகியவை அங்கே விளக்கமின்றிப் புரியும். புரியாத சடங்குகளைத் தொடரே சொல்லிக் கொடுத்துவிடும். ஆகவே யாரும் இதை மறுபடி எடுக்க முயலவில்லை, எடுத்ததையே வாங்கினார்கள். ஹாங்காங்கில் டி.வி.பி. அலைவரிசை 2005 மே 1 அன்று கடைசி அத்தியாயத்தைக் காட்டியபோது முப்பது இலட்சத்துக்கும் மேற்பட்டோர் பார்த்தனர். அந்நகரின் மக்கள்தொகையே அப்போது எழுபது இலட்சத்தைத் தொடவில்லை. அதே ஆண்டு செப்டம்பரில் சீனாவின் ஹுனான் அலைவரிசை ஒளிபரப்பியது. ஈரானின் அரசுத் தொலைக்காட்சியில் 2006 வாக்கில் பாரசீகக் குரலோடு வந்து, அந்நாட்டில் கொரிய வரலாற்றுத் தொடர்களுக்கே ஒரு சந்தையை உருவாக்கியது. கழுத்து முதல் பாதம் வரை உடலை மறைக்கும் அரசவை உடையும், தொட்டுக்கொள்ளாத காதலும் அங்கே தணிக்கையின் வேலையைக் குறைத்திருக்கும் என்று ஊகிக்கிறேன். இலங்கையில் ரூபவாஹினி இதைச் சிங்களத்தில் 'சுஜாத தியணி' என்று 2012இல் ஒளிபரப்பியபோதும் பெரும் வரவேற்பு இருந்தது. வெளிவந்து எட்டு ஆண்டுகள் கழிந்தும் பழசாகவில்லை.

இந்தியாவில் கொரியத் தொடர்கள் முதலில் வேரூன்றிய இடம் மணிப்பூர். 2000இல் அங்குள்ள கிளர்ச்சிக் குழு ஒன்று இந்திப் படங்களுக்குத் தடை விதித்ததையடுத்து, கேபிள் வழியாக வந்த கொரிய அலைவரிசையும் எல்லை கடந்து வந்த திருட்டு வட்டுகளும் அந்த இடத்தை நிரப்பின. மேலே சொன்ன இரண்டு முறையான வழிகளுக்கும் வெளியே மூன்றாவதாக ஒரு வழி இருந்தது என்பதை இது காட்டுகிறது. தமிழில் கொரியத் தொடர்கள் குரல் மாற்றத்தோடு வந்தது வெகு பிந்தித்தான். புதுயுகம் தொலைக்காட்சி அதைச் செய்தது.

இந்தியாவிலிருந்து வெளியே போனவையும் உண்டு. 2000 ஜூலையில் ஸ்டார் பிளஸ் தொடங்கி 2008 வரை ஓட்டிய 'கியூங்கி சாஸ் பி கபி பஹூ தீ', ஆப்கானிஸ்தானில் தோலோ அலைவரிசையில் தாரி மொழியில் ஒளிபரப்பாகிக் காபூல் வீடுகளின் மாலை நேரத்தைப் பிடித்துக்கொண்டது. 2008இல் அரசு இந்தியத் தொடர்களை நிறுத்த ஆணையிடும் அளவுக்கு அது போயிற்று. நம் பக்கத்தில் 2001இல் முடிந்த 'சித்தி' தெலுங்கில் குரல் மாற்றப்பட்டு ஆந்திரத்தில் பெரிதாக ஓடியது. எனினும் இந்தத் தொடர்களையும் மேலே பேசியவற்றையும் ஒரே தராசில் வைக்க நான் தயங்குவேன். டெலிநோவெலாவும் கொரியத் தொடரும் முடிவை நோக்கி எழுதப்படுபவை. பியாத்ரிஸின் கதை எவ்வளவு நீண்டாலும் கடிதமும் கணக்கறிக்கையும் வந்தே தீர வேண்டும். நம் நெடுந்தொடர்கள் விளம்பரம் வரும் வரை நீள்பவை. 'மெட்டி ஒலி' போன்றவற்றில் தகப்பனுக்கும் ஐந்து மகள்களுக்கும் இடையிலான காட்சிகள் எவ்வளவு உயிரோட்டமாக இருந்தாலும், எண்ணூறு அத்தியாயங்களை வாங்கி வாரத்துக்கு வாரம் காட்ட எந்த வெளிநாட்டு அலைவரிசையும் எளிதில் துணியாது.

எதிலிருந்து தொடங்குவது என்ற கேள்வி அடுத்து வரும் என்பதால் அதற்கும் சொல்லிவிடுகிறேன். பொறுமை குறைந்தவர் 'தி ஆஃபீஸ்' பிரிட்டிஷ் மூலத்தைப் பார்க்கலாம். சில இரவுகளில் முடிந்துவிடும். 'தே ஜாங் கும்' தொடரை முதல் அத்தியாயத்தில் கைவிடாதீர்கள். அது நாயகி பிறப்பதற்கு முந்தைய கதை, அரண்மனை அரசியலின் பெயர்கள் குழப்பும். தண்ணீர்க் கிண்ணம் வரும் வரை பொறுத்தால், அதன்பின் தொடரே உங்களை இழுத்துக்கொண்டு போகும். கொலம்பிய மூலத்தை முந்நூறுக்கு மேற்பட்ட அரை மணி அத்தியாயங்களாகவே பாருங்கள். சுருக்கிய பதிப்புகளில் முதலில் வெட்டப்படுவது சக செயலாளர்களான பெண்கள் கூடிப் பேசும் அரட்டைக் காட்சிகள், அவை போனால் அலுவலகமே போய்விடும். அதே நடிகர்களை வைத்து 2024இல் பிரைம் வீடியோவில் வந்த தொடர்ச்சியை, மூலத்தை முழுவதும் பார்த்து முடித்த பிறகு மட்டும் தொடுவது நல்லது.